கவுண்டர் மேசையில் ஒரு அரசியலமைப்பு: ஏழு வருடப் பாவனைக்குப் பிறகு

என் கடையில் ஆகக் கூடுதலாகக் கிழிந்துபோன பொருள் இந்தப் புத்தகம்தான். மட்டக்களப்பு பஸ் நிலையத்திலிருந்து நடக்கிற தூரத்தில் சின்னதாக ஒரு கொமினிகேஷன் வைத்திருக்கிறேன். போட்டோக் கொப்பி, தமிழ் ரைப்பிங், லெமினேற்றிங், ரீலோட், பரீட்சை நெருங்கினால் பழைய வினாத்தாள். கச்சேரிக்கும் (மாவட்டச் செயலகம்) கோட்டுக்கும் போகிற சனம் வழியில் ஏறிக் கடிதம் அடித்துக்கொண்டு போகும். அதனால் இலங்கை அரசியலமைப்பின் தமிழ்ப் பிரதி ஒன்று எப்போதும் என் மேசையில், ஸ்டேப்ளருக்கும் முத்திரைப் பெட்டிக்கும் நடுவில் கிடக்கும். சட்டம் படித்தவள் அல்ல நான். உயர்தரம் கலைப்பிரிவு, அதையும் இரண்டாந்தரம் எழுதித்தான் பாஸ். பாவித்த ஆள் என்ற அளவில் சொல்கிறேன், அவ்வளவுதான்.

வந்து சேர்ந்த கதை இது. 2018 ஒக்டோபர் 26ஆம் திகதி இரவு, ஜனாதிபதி மைத்திரிபால சிறிசேன பிரதமர் ரணில் விக்கிரமசிங்கவை நீக்கிவிட்டு மகிந்த ராஜபக்ஷவை அந்தக் கதிரையில் இருத்தினார். நவம்பர் 9இல் பாராளுமன்றத்தையும் கலைத்தார். அந்த நாட்களில் கடைக்கு வந்த ஓய்வுபெற்ற பாடசாலை அதிபர் ஒருவர், "பிள்ளை, யாப்பை முழுசா அடிச்சுத் தா. இனி இதைப் படிக்காமப் பேப்பர் விளங்காது" என்றார். பாராளுமன்ற இணையத்தளத்தில் தமிழ்ப் பிரதி இலவசம். தரவிறக்கி, இரண்டு பக்கமும் அடித்து, நீல மட்டை போட்டு, சுருள் கம்பி பூட்டி வைத்தேன். இருநூறு பக்கத்துக்கு மேல். தோனரே அரைவாசி போயிற்று. ஐயா வாங்க வரவே இல்லை. அதாவது, வருவார். தினமும் வருவார். கவுண்டரில் நின்றபடி இலவசமாகப் படித்துவிட்டுப் போவார். டிசம்பர் 13இல் ஏழு நீதியரசர்கள் ஒருமனதாகக் கலைத்தது செல்லாது என்று தீர்ப்புச் சொன்ன அன்று, ஐயா மேசையில் தட்டி, "பார்த்தியா, திருகோணமலை சம்பந்தர் ஐயாவும் போட்ட வழக்கு. அடிப்படை உரிமை மனு!" என்றார். நாட்டின் பாராளுமன்றத்தையே திருப்பிக் கொண்டுவந்தது, அடிப்படை உரிமைகளைச் சொல்லும் மூன்றாம் அத்தியாயத்துக்குள் இருக்கிற 12ஆம் உறுப்புரை, சட்டத்தின் முன் எல்லாரும் சமம் என்கிற வரி, என்பது எனக்கு அன்றைக்குத்தான் தெரியும். அன்றிலிருந்து காசு கேட்கவில்லை.

சரி, பொருளுக்கு வருவோம். முதலில் தமிழ். வாக்கியம் தொடங்கினால் முடியாது. "அல்லது" என்ற சொல்லை மட்டும் எடுத்துவிட்டால் பத்துப் பக்கம் மிச்சம். ரைப் பண்ணுகிறவளுக்கு மூச்சுமுட்டும் நடை. ஆனால் பழகப் பழக ஒன்று பிடிபட்டது: இந்தப் புத்தகத்தில் சொல்லைச் சும்மா போடவில்லை. "ஆள்" என்று ஒரு சொல், "பிரசை" என்று ஒரு சொல். மனச்சாட்சிச் சுதந்திரமும் (10), சித்திரவதைக்கு உள்ளாகாமல் இருப்பதும் (11), காரணம் சொல்லாமல் கைது செய்யக் கூடாதென்பதும் (13) எல்லா ஆட்களுக்கும். பேச்சு, கூட்டம் கூடுதல், தொழில், நாட்டுக்குள் நடமாட்டம் எல்லாம் 14இல் வருகின்றன, பிரசைக்கு மட்டும். 12இல் முதல் பிரிவு ஆளுக்கு, இரண்டாம் பிரிவு பிரசைக்கு. அரைமணித்தியாலம் விரல் வைத்துப் பார்த்தால்தான் இந்த விளையாட்டு விளங்கும்.

எங்கள் சனத்துக்கு வேண்டியது இருநூறு பக்கத்தில் ஐந்தாறு பக்கம்தான். புத்தகத்தைப் பக்கவாட்டில் பிடித்துப் பாருங்கள், விளிம்பில் ஓரிடத்தில் மட்டும் கறுத்திருக்கும். 10 தொடங்கி 17 வரை, மூன்றாம் அத்தியாயம். கிரீஸ் கை, மீன் கை, வெற்றிலைக் கை எல்லாம் பட்ட இடம். 11 இருக்கிற தாள் கம்பியிலிருந்து இரண்டு முறை கழன்றுவிட்டது, செலோடேப் போட்டிருக்கிறேன். அது ஒரே ஒரு வரி. யாரையும் சித்திரவதை செய்யக் கூடாது, கொடூரமாகவோ இழிவாகவோ நடத்தக் கூடாது. "ஆனால்", "எனினும்", "தேசியப் பாதுகாப்பின் பொருட்டு" என்று ஒரு வாலும் இல்லை. மற்ற உரிமைகளைக் கட்டுப்படுத்த 15ஆம் உறுப்புரையில் நீண்ட பட்டியல் உண்டு, 10உம் 11உம் அதற்குள் வராது. மாற்ற நினைத்தாலும் பாராளுமன்றத்தில் மூன்றில் இரண்டு மட்டும் போதாது, மக்கள் தீர்ப்பு வாக்கெடுப்பும் வேண்டும். முழுப் புத்தகத்திலும் நான் ஐந்து நட்சத்திரம் போடுகிற வரி அதுதான்.

போடுகிறேன், ஆனாலும் அந்த வரியைப் பாவிக்க வந்த ஒரு அம்மாவைச் சொல்லாமல் விட ஏலாது.

2019 கடைசி. மழை. வாகரைப் பக்கத்து அம்மா ஒருவர், வயது அறுபது இருக்கும், பொலித்தீன் பையில் மடித்துச் சுற்றிய மருத்துவ அட்டையைக் கொப்பி எடுக்க வந்தார். மகனைப் பொலிசில் வைத்து அடித்திருக்கிறார்கள். எந்தப் பொலிஸ் என்பது இங்கே வேண்டாம். ஆஸ்பத்திரியில் நான்கு நாள். "எங்க கொண்டுபோய்க் குடுக்கிற மகள் இத? எல்லாருக்கிட்டயும் சொல்லிட்டன்" என்றார். எல்லாருக்கும் என்றால் கிராம சேவகர், கோவில் தலைவர், தேர்தலுக்கு வந்துபோன ஒரு தம்பி. எல்லாம் வாயால் சொன்னது, ஒரு துண்டுக் கடிதம் கிடையாது. நான் புத்தகத்தை எடுத்து 11ஐக் காட்டினேன். 17ஐக் காட்டினேன்: உரிமை மீறப்பட்டால் உயர் நீதிமன்றத்துக்கு, அதாவது நாட்டின் ஆக உச்ச நீதிமன்றத்துக்கு, போகலாம். அப்புறம் பக்கங்களைத் தள்ளி 126க்குப் போனேன். அங்கேதான் இருக்கிறது, இரண்டாம் பிரிவின் நடுவில், கமாக்களுக்கு இடையில் ஒளிந்துகொண்டு: ஒரு மாதத்துக்குள். திகதியைப் பார்த்தேன். நாற்பத்தொரு நாள் ஆகியிருந்தது.

அவருக்கு அதை எப்படிச் சொல்வது என்று தெரியாமல் கொப்பிக்குக் காசு வேண்டாம் என்றேன். "இல்ல மகள், வெச்சிக்க" என்று நாணயங்களை மேசையில் வைத்துவிட்டுப் போனார். நீதிமன்றம் சில வேளை காலத்தைத் தளர்த்திப் பார்ப்பதுண்டு என்று பிறகு ஒரு சட்டத்தரணி சொன்னார். அந்த அம்மாவைத் தேட என்னிடம் பெயர்கூட இல்லை.

ஒரு வோட்டர் மோட்டருக்கே இரண்டு வருட உத்தரவாத அட்டை தருகிறார்கள். இதற்கு முப்பது நாள். ஒரே ஒரு சேர்விஸ் சென்டர், அதுவும் கொழும்பு புதுக்கடையில். மட்டக்களப்பிலேயே மேல் நீதிமன்றம் இருக்கிறது, கல்முனையிலும் இருக்கிறது, அங்கே இந்த மனுவைப் போட முடியாது. திருச்சியில் கட்டிய என் ஒன்றுவிட்ட தங்கச்சி, அங்கே அடிப்படை உரிமைக்கு மாநில உயர் நீதிமன்றத்துக்கே (எங்கள் மேல் நீதிமன்றம் மாதிரி) போகலாம் என்று போனில் சொல்லும்போது வயிறு எரிகிறது. எங்களுக்கு இரவு ரயில், கொழும்புக் கோட்டையில் விடிய இறங்கி முகம் கழுவ இடம் தேடி, ஓட்டோ பிடித்து, அங்கே போனால் பேச்செல்லாம் ஆங்கிலம். முதல் நாள் முழு விசாரணையும் கிடையாது, மனுவை எடுத்துக்கொள்வதா இல்லையா என்று இரண்டு நீதியரசர்களாவது இருந்து முடிவெடுப்பார்கள். எடுத்துக்கொண்டால் இரண்டு மாதத்துக்குள் முடிக்க வேண்டும் என்று அதே 126இன் ஐந்தாம் பிரிவு சொல்கிறது. அந்த வரியை வாசிக்கும்போதெல்லாம் அதிபர் ஐயா மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைப்பார்.

ஆனால் ஒரு மாதத்துக்கு ஒரு பின்கதவு உண்டு, அது இந்தப் புத்தகத்தில் இல்லை. 1996ஆம் ஆண்டின் 21ஆம் இலக்கச் சட்டம், மனித உரிமைகள் ஆணைக்குழுச் சட்டம், 13ஆம் பிரிவு. சம்பவம் நடந்து ஒரு மாதத்துக்குள் ஆணைக்குழுவில் முறைப்பாடு கொடுத்துவிட்டால், அங்கே விசாரணை நடக்கிற காலம் அந்த ஒரு மாதக் கணக்கில் சேராது. ஆணைக்குழுவின் பிராந்திய அலுவலகம் மட்டக்களப்பில் இருக்கிறது, கல்முனையில் இருக்கிறது. காசு இல்லை, லோயர் வேண்டாம், தமிழில் எழுதலாம். அவர்களால் பரிந்துரைதான் செய்ய முடியும், தண்டிக்க முடியாது. இருந்தாலும் கடிகாரம் நிற்கிறதே, அது பெரிய விஷயம். 1996 என்ற இலக்கத்துக்குப் போனும் எடுக்கலாம். சட்டம் வந்த வருடமே போன் இலக்கம், மறக்காது. அந்த அம்மா போன பிறகு கொப்பி மெஷினுக்கு மேலே, சுவரில், பெரிய எழுத்தில் அடித்து ஒட்டினேன்: "அடித்தால், பிடித்தால், மறுத்தால் – 30 நாளுக்குள் எழுத்தில்." மெஷின் சூட்டில் வருடத்துக்கொரு முறை மஞ்சளாகிப்போகும். புதிதாக அடித்து ஒட்டுவேன்.

உயிர்வாழும் உரிமை எங்கே என்று கேட்டுப் பலர் புரட்டியிருக்கிறார்கள். இல்லை. மூன்றாம் அத்தியாயத்தில் அப்படி ஒரு வரியே இல்லை. சட்டப்படி நீதிமன்றம் ஒன்றின் கட்டளை இல்லாமல் ஒருவருக்கு மரணதண்டனை கொடுக்கக் கூடாது என்கிற 13இன் நான்காம் பிரிவிலிருந்துதான் உயர் நீதிமன்றம் அதை 2003இல் உருவி எடுத்தது. பொலிஸ் தடுப்பில் சித்திரவதைப்பட்டு இறந்த ஒருவரின் மனைவி போட்ட வழக்கு. செத்தவர் வந்து மனுப் போட முடியாது, ஆகவே மனைவி போடலாம் என்றும் அதில்தான் வந்தது. எழுதாத உரிமையை நீதியரசர்கள் கண்டுபிடித்தார்கள், சந்தோசம். எழுதியிருந்தால் அந்தத் தேடல் தேவைப்பட்டிருக்காதே என்பது என் குறை.

இந்த இடத்தில் எங்கள் அம்மாவின் கடிதக் கதை. அப்பா அரசாங்க உத்தியோகம், அவர் போன பிறகு அம்மாவுக்கு ஓய்வூதியம். ஒருநாள் பழுப்பு உறையில் கொழும்பு அலுவலகம் ஒன்றிலிருந்து கடிதம் வந்தது, முழுக்கச் சிங்களம். அம்மா அதைச் சாமி படத்துக்குப் பின்னால் மூன்று நாள் ஒளித்து வைத்திருந்தார். 1990இன் படுகொலைகளைக் கண்டவர்களுக்குச் சிங்களத்தில் வரும் அரசாங்கக் கடிதம் என்றால் கை நடுங்கும், அது இன்னும் போகவில்லை. "ஆரயும் தேடி வந்திரிக்காங்களோ மகள்?" என்று கேட்டுக்கொண்டேதான் எடுத்துத் தந்தார். கடைக்குக் கொண்டுபோய், பக்கத்து மருந்துக்கடைத் தம்பியிடம் வாசிக்கச் சொன்னேன். அம்மா உயிரோடு இருக்கிறாரா என்று கிராம சேவகரிடம் சான்றிதழ் வாங்கி அனுப்பச் சொல்லியிருந்தார்கள். உயிர்வாழும் உரிமை புத்தகத்தில் இல்லை, உயிர்வாழ் சான்றிதழ் மட்டும் கட்டாயம்.

அன்றைக்குத்தான் நான்காம் அத்தியாயத்தைப் புரட்டினேன். மொழி பற்றியது. 18இல் சிங்களம் அரசகரும மொழி, "தமிழும்" அரசகரும மொழி. அந்த "உம்" 1987இல் பதின்மூன்றாம் திருத்தத்தோடு வந்து ஒட்டிக்கொண்டது. 22இன்படி, கொழும்பு அலுவலகமாக இருந்தாலும் நான் தமிழில் எழுதலாம், தமிழில் பதில் பெறலாம். அது தயவு கிடையாது, உரிமை. மீறினால் இதற்கும் 126இன் கீழ் உயர் நீதிமன்றம் போகலாம். அதைவிட ருசியான வரி 25அ: வேறு எந்தச் சட்டமாவது இந்த மொழி அத்தியாயத்தோடு முரண்பட்டால் அத்தியாயமே வெல்லும். உடனே உட்கார்ந்து, உறுப்புரை இலக்கம் போட்டு, பணிவாக ஒரு பக்கக் கடிதம் அடித்துப் பதிவுத் தபாலில் அனுப்பினேன். ஐந்து கிழமையில் பதில் வந்தது, தமிழில்! அம்மா சத்தம்போட்டு வாசித்தார். இரண்டாவது வரியில் நின்றுவிட்டார். அந்தத் தமிழை விளங்கிக்கொள்ள மறுகா மருந்துக்கடைத் தம்பியிடம் போய்ப் பழைய சிங்களக் கடிதத்தோடு ஒப்பிட வேண்டியிருந்தது. அடுத்த வருடம் வந்தது நல்ல தமிழ். யாரோ ஒரு நல்ல உத்தியோகத்தர் மாற்றலாகி வந்திருக்க வேண்டும். மொழிப் பிரச்சினையை முறையிட 1956 என்று ஒரு போன் இலக்கமும் உண்டு. தனிச் சிங்களச் சட்டம் வந்த வருடத்தையே இலக்கமாக வைத்தவர் யாரோ, அவருடைய நகைச்சுவை எனக்குப் பிடிக்கும்.

மொழி அத்தியாயத்துக்கு 25அ இருக்கிறது என்றேன். அடிப்படை உரிமை அத்தியாயத்துக்கு அதன் நேரெதிர் இருக்கிறது, 16. 1978க்கு முன்பிருந்த சட்டங்கள் இந்த உரிமைகளோடு முரண்பட்டாலும் அந்தச் சட்டங்களே செல்லும். புதுவீடு கட்டிப் பழைய கறையானைக் குடியேற்றியது மாதிரி. காத்தான்குடியிலிருந்து என்னிடம் ரைப்பிங்குக்கு வரும் ராத்தா ஒருவர், முஸ்லிம் விவாக விவாகரத்துச் சட்டத்தைத் திருத்தக் கேட்டு எழுதும் பெண்களில் ஒருவர். அது 1951ஆம் ஆண்டுச் சட்டம். மணப்பெண் கையெழுத்துப் போட வேண்டும் என்று அது கேட்பதில்லை. ராத்தா 12ஐ வாசித்தார்: சட்டத்தின் முன் எல்லாரும் சமம், ஆண் பெண் பேதம் காட்டக் கூடாது. அப்புறம் 16ஐ வாசித்தார். "இத முதல்ல போட்டிருந்தா நான் அத வாசிச்சே இரிக்க மாட்டனே தங்கச்சி" என்று சிரித்தார். அந்தக் கடிதத்தைப் பிழை திருத்திப் பிழை திருத்தி ஐந்து தரம் அடித்தோம்.

பயங்கரவாதத் தடைச் சட்டம் 16க்குள்ளும் வராது, ஏனென்றால் அது அரசியலமைப்புக்குப் பிறகு, 1979இல் வந்தது. பெயரிலேயே "தற்காலிக ஏற்பாடுகள்" என்று இருக்கிறது. நானும் 1979. எனக்குத் தலை நரைத்துவிட்டது, அது இன்னும் தற்காலிகம்தான். மூன்று மூன்று மாதமாகத் தடுப்புக் கட்டளையை நீட்டிப் பதினெட்டு மாதம் வரை வைத்திருக்கலாம் என்றிருந்ததை 2022இல் பன்னிரண்டாகக் குறைத்தார்கள். கைதானவரை நீதவான் முன் நிறுத்து என்று 13 சொல்லும்போது இது எப்படி நிற்கிறது? சட்டம் ஒன்று நிறைவேறிய பிறகு அதை எந்த நீதிமன்றமும் கேள்வி கேட்க ஏலாது, 80இன் மூன்றாம் பிரிவு. சட்டமூலமாக இருக்கும்போதே பிடிக்க வேண்டும், ஒழுங்குப் பத்திரத்தில் வந்த சில நாளுக்குள். வெள்ளாமைக்குத் தண்ணீர் கட்டிக்கொண்டிருக்கிற மனுசன் பாராளுமன்ற ஒழுங்குப் பத்திரத்தைப் பார்ப்பானா? 2021 மே 18இல் கிரான் கடற்கரையில் நினைவு விளக்கேற்றப் போய்ச் சிலர் கைதானது இந்தச் சட்டத்தின் கீழ்தான். அடுத்த நாள் 13ஐக் கொப்பி எடுக்க ஆள் வந்தது. எடுத்துக் கொடுத்தேன். வேறென்ன செய்ய?

இவ்வளவு குறை சொன்னவள் ஏன் இன்னும் மேசையில் வைத்திருக்கிறாய் என்றால், 14அ. 2015இல் பத்தொன்பதாம் திருத்தத்தோடு வந்த தகவல் அறியும் உரிமை. அதற்கான சட்டம் 2016இன் 12ஆம் இலக்கம், 2017 பெப்ரவரி 3இலிருந்து நடைமுறையில். கொழும்பு போகத் தேவையில்லாத உரிமை, எங்கள் மாதிரி ஆட்களுக்கு அளவாகத் தைத்தது.

எங்கள் ஒழுங்கையில் 2022இல் வடிகான் கட்டத் தொடங்கிப் பாதியில் விட்டுவிட்டார்கள். மழை வந்தால் தண்ணீர் நேரே என் கடைப் படிக்கு வரும். கேட்டால் "காசு முடிஞ்சிது" என்பார்கள், யாருடைய காசு, எவ்வளவு என்று கேட்டால் பதில் இல்லை. உள்ளூராட்சி மன்றத்தின் பெயர் வேண்டாம். ஒரு பக்கத்தில் எழுதினேன்: மதிப்பீட்டுத் தொகை என்ன, மொத்த நீளம் என்ன, ஒப்பந்தகாரருக்கு இதுவரை கொடுத்தது எவ்வளவு. ஏன் கேட்கிறாய் என்று தகவல் அலுவலர் கேட்கக் கூடாது, சட்டத்திலேயே இருக்கிறது. எழுதத் தெரியாதவர் வாயால் சொன்னாலும் அவர் எழுதிக்கொள்ள வேண்டும். பதினான்கு வேலை நாள் பொறுத்தேன். ஒன்றும் வரவில்லை. அடுத்த பதினான்கு நாளுக்குள் குறித்தளிக்கப்பட்ட அலுவலருக்கு மேன்முறையீடு. அவருக்கு மூன்று கிழமை, அதற்கும் மேலே கொழும்பில் தகவல் அறியும் உரிமை ஆணைக்குழு. அதுவரை போகத் தேவைப்படவில்லை. பத்தொன்பதாவது நாள் பியோன் ஒருவர் சைக்கிளில் கொண்டுவந்து தந்தார். ஒரே தாள். மதிப்பீடு 140 மீற்றர்.

அன்று மாலை கடையைச் சாத்திவிட்டு மகனும் நானும் தையற்காரரிடம் இரவல் வாங்கிய அளவு நாடாவோடு இறங்கினோம். ஒன்றரை மீற்றர் நாடா. குந்திக் குந்தி, சோக்கால் கோடு போட்டுக்கொண்டே போனோம். ஒழுங்கையே வேலிக்கு மேலால் எட்டிப் பார்த்தது. "என்னத்த தேடுற நீங்க, காசு விழுந்திட்டா?" என்று கேட்டார் எதிர்வீட்டு மாமி. அவர் கேட்டது சரிதான். 92 மீற்றர் வந்தது. மிச்சம் 48.

அதோடு முடிந்திருந்தால் வெற்றிக் கதை. 2023 மார்ச் 9இல் நடக்க இருந்த உள்ளூராட்சித் தேர்தலைக் காசில்லை என்று நடத்தவில்லை, அதே மாதம் மன்றங்களின் காலமும் முடிந்தது. 48 மீற்றரைக் கேட்க உறுப்பினரே இல்லை. அந்தத் தேர்தலுக்காகவும் சிலர் 126இன் கீழ் போனார்கள். 2024 ஓகஸ்ட் 22இல் உயர் நீதிமன்றம் சொன்னது: தேர்தல் நடத்தாதது அடிப்படை உரிமை மீறல், நிதி அமைச்சராக இருந்த ரணில் விக்கிரமசிங்கவும் தேர்தல் ஆணைக்குழுவும் பொறுப்பு. வாக்களிக்கும் உரிமை மூன்றாம் அத்தியாயத்தில் எங்கே இருக்கிறது என்று ஐயாவிடம் கேட்டேன். 14இல் பேச்சுச் சுதந்திரத்தில் விரலை வைத்தார். வாக்குச்சீட்டில் புள்ளடி போடுவதும் ஒரு பேச்சுத்தான் என்று 1999இலேயே தீர்ப்பிருக்கிறதாம். 2025 மே 6இல் ஒருவழியாகத் தேர்தல் நடந்தது. புது உறுப்பினரிடம் அந்த ஒற்றைத் தாளின் கொப்பியைக் கொடுத்தேன். போன மாதம் ஒழுங்கைத் தலைப்பில் ஒரு லோட் கருங்கல் பறித்திருக்கிறார்கள்.

நீதிமன்றம் எப்போதும் இப்படிக் கைகொடுத்தது என்று எண்ண வேண்டாம். கொரோனாவில் இறந்தவர்களை எரித்தே ஆக வேண்டும் என்ற வர்த்தமானிக்கு எதிரான மனுக்களை 2020 டிசம்பர் 1இல் விசாரணைக்கு எடுக்கவே மறுத்தார்கள், இரண்டுக்கு ஒன்று பெரும்பான்மை. அந்தக் கிழமை ராத்தா கடைக்கு வந்து ஒன்றும் அடிக்காமல் கொஞ்ச நேரம் கதிரையில் இருந்துவிட்டுப் போனார். அடுத்த மார்ச்சில் ஓட்டமாவடி மஜ்மா நகரில் அடக்கம் செய்ய இடம் கொடுத்தார்கள், நாட்டின் எல்லா மூலையிலிருந்தும் உடல்கள் எங்கள் மாவட்டத்துக்கு வந்தன. அரசாங்கம் மன்னிப்புக் கேட்டது 2024இல்.

சியோன் தேவாலயக் குண்டு, 2019 ஏப்ரல் 21, ஈஸ்டர் ஞாயிறு. கடை பூட்டியிருந்தது, வீட்டுக்குச் சத்தம் கேட்டது. ஞாயிறு பாடசாலைப் பிள்ளைகள். முன்கூட்டியே தகவல் வந்தும் தடுக்காத ஆட்களுக்கு எதிராக மனுக்கள் போனபோது, ஜனாதிபதிக்கு எதிராக என்ன செய்வார்கள் என்று நானே நம்பவில்லை. 2023 ஜனவரி 12இல் ஏழு பேர் கொண்ட குழாம், முன்னாள் ஜனாதிபதி சிறிசேன தன் சொந்தப் பணத்திலிருந்து 10 கோடி ரூபா நட்டஈடு கட்ட வேண்டும் என்றது. தவணை தவணையாகக் கட்டினார். 2018இல் பாராளுமன்றத்தைக் கலைத்துத் தோற்ற அதே ஆள், அதே 12ஆம் உறுப்புரை. பிள்ளையை இழந்த ஒரு தகப்பன் அந்தத் தீர்ப்புச் செய்தியைப் பத்திரிகையிலிருந்து கொப்பி எடுக்க வந்தார். பெரிதாக்கி எடுக்கவா என்று கேட்டேன். "வேணாம், பெட்டிக்குள்ள வைக்கத்தான்" என்றார்.

இனி வாங்குகிறவர்களுக்கு. தனியாக மூன்றாம், நான்காம் அத்தியாயங்களும் 126உம் அடித்தால் போதும், முழுவதும் தேவையில்லை. அடிக்கும் முன் எந்தத் திருத்தம் வரை உள்ள பிரதி என்று முதல் பக்கத்தில் பாருங்கள். நான் 2018இல் அடித்ததில், உயர் பதவி நியமனங்களுக்கு அனுமதி கொடுக்கும் அரசியலமைப்புப் பேரவை 41அ-இல் இருந்தது. 2020இல் இருபதாம் திருத்தம் அதை எடுத்துவிட்டது, புதுத் தாள் அடித்து மேலே ஒட்டினேன். 2022இல் இருபத்தோராம் திருத்தம் திருப்பிக் கொடுத்தது, ஒட்டியதைப் பிய்க்கப் பார்த்தேன், கீழேயிருந்த எழுத்தும் சேர்ந்து வந்துவிட்டது. இப்போது அந்த இடத்தில் மூன்று தாள் தடிப்பு, புத்தகம் ஒழுங்காக மூடாது. ஆகவே கம்பியை மட்டும் இரண்டு இலக்கம் பெரிதாகப் போடச் சொல்லுங்கள், பசை பாவிக்காதீர்கள்.